முத்தியால்பேட்டையின் சினிமா மதாம்

புதுச்சேரி முத்தியால்பேட்டையில் பிறந்த பொலெத் பிரெஞ்சுக் குடியுரிமை உள்ளவர். பிரான்சில் ஒரு பள்ளிக்கூடத்தின் சமையற்கூடத்தில் வெகுகாலம் வேலை பார்த்தார். விடுமுறை நாளில் தமிழ்ப் பட கேசட் எடுத்துவந்து பார்ப்பார். அதைப் பற்றிப் பேசத்தான் சரியான ஆள் இல்லை. கணவர் ஆந்தனிக்கு எல்லாப் படமும் பிடித்துவிடும்.

2003இல் இருவரும் முத்தியால்பேட்டைக்கே திரும்பிவந்தார்கள். புதுப்படம் வந்தால் முதல் காட்சியிலேயே ஆஜர். இடைவேளைக்குள் பொலெத் படத்தைப் பிரித்து மேய்ந்துவிடுவார். ஒருநாள் பின்வரிசையில் உட்கார்ந்து அதைக் கேட்ட கண்ணையன், படம் முடிந்ததும் வாசலில் வழிமறித்தார். அவர் அந்தப் பக்கத்துக்கு கேபிள் இணைப்பு கொடுப்பவர். உள்ளூர் சேனல் ஒன்றும் நடத்தினார்.

"மதாம், இதையே நம்ம சேனல்ல வந்து சொல்லுங்களேன். ஞாயித்துக்கிழமை சாயந்திரம் சும்மா பாட்டுதான் ஓடுது."

பொலெத் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போனார். விளக்கு எரிந்ததும் வாய் அடைத்துவிட்டது. "போன்சுவார்" என்று பிரெஞ்சில் மாலை வணக்கம் சொன்னார். பிறகு தண்ணீர் கேட்டார். ஓரமாக நின்றிருந்த ஆந்தனிக்குப் பொறுக்கவில்லை.

"படம் நல்லாத்தான இருந்துச்சு, சொல்லேன்."

"எது நல்லா இருந்துச்சு? வயித்துல குண்டடி பட்டு ஆஸ்பத்திரில கெடக்கறான், அடுத்த சீன்ல மலை மேல ஆடறான்!"

"அந்த ஆட்டம் நல்லா இருந்துச்சே!"

அவ்வளவுதான். பொலெத்துக்குக் கேமரா மறந்துபோயிற்று. அடுத்த வாரம் கண்ணையன் இரண்டு நாற்காலி போட்டார்.

ஊர் இரண்டு கட்சியாயிற்று. தேங்காய்த்திட்டுத் துறைமுகத்தில் மீன் வாங்கப் போனால்கூட, "மதாம், படத்துக்குப் போலாமா வேணாமா?" என்று கேட்டார்கள். ஒரு தியேட்டர் மேனேஜர் வீடு தேடி வந்து, "கொஞ்சம் பாத்து சொல்லுங்க மதாம்" என்று கெஞ்சினார்.

"நீங்க கொஞ்சம் பாத்து படம் போடுங்க" என்றார் பொலெத். காபி கொடுத்துத்தான் அனுப்பினார்.

2007இல் தமிழ் சினிமா பற்றி நிகழ்ச்சி எடுக்க பாரிசிலிருந்து ஒரு தொலைக்காட்சிக் குழு வந்தது. அப்போது ஓடிக்கொண்டிருந்த பெரிய படத்தைப் பற்றி பொலெத் பிரெஞ்சில் பொரிந்து தள்ளினார். ஒளிபரப்பான அன்று தெருவே அவர் வீட்டில் கூடிவிட்டது. வந்தவர்களில் ஒருவருக்கும் பேச்சு புரியவில்லை.

"என்னண்ணே சொல்றாங்க?" என்று கேட்டாள் பக்கத்து வீட்டு அஞ்சலாட்சி.

"படம் பிரமாதம்ன்றா" என்றார் ஆந்தனி.

"நான் எங்க அப்பிடிச் சொன்னேன்? பாதியில எழுந்து வந்துடலாம்னுல்ல சொன்னேன்!"

"அது பிரான்சுக்காரனுக்கு. நம்ம ஜனங்க ஏன் எழுந்து வரணும்?"

வீடே சிரித்தது. பொலெத்தும் முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார். மறுநாள் அஞ்சலாட்சி இன்னும் ஓடிக்கொண்டிருந்த அந்தப் படத்துக்குப் போய், கடைசிவரை இருந்து பார்த்துவிட்டு வந்தாள்.

சில மாதம் கழித்து, மாதம் ஒருமுறை தொலைபேசியில் விமர்சனம் சொல்லும்படி அந்தப் பாரிஸ் தொலைக்காட்சியிலிருந்து கேட்டார்கள். பொலெத் சந்தோஷமாக ஒப்புக்கொண்டார். ஞாயிறு சாயந்திரம் மட்டும் கூப்பிடக் கூடாது, நம்ம சேனல் இருக்கிறது என்று சொல்லிவிட்டார்.