என் நெற்றியும் டீபிக்மென்டேஷன் என்ற சொல்லும்

அமெரிக்காவில் யாருக்காவது முழங்கால் வலித்தால் அதற்கு எண் போடுவது என் வேலை. மெடிக்கல் கோடிங் என்று பெயர். அங்கே டாக்டர் எழுதும் குறிப்பை நான் இங்கே ஹைதராபாத்தில் உட்கார்ந்து படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய கோட் போட்டு அனுப்ப வேண்டும். கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்த புதிதில் அமீர்பேட்டில் நான்கு மாதம் படித்தேன். லிஃப்ட் இல்லாத நான்காவது மாடி. முதல் நாளே சொல்லிக்கொடுத்தது ஒன்றுதான்: டாக்டர் எழுதாததை நீ எழுதாதே. இருமல், காய்ச்சல், மூச்சுத்திணறல் என்று குறிப்பில் இருந்தால் நிமோனியாவாகத்தான் இருக்கும் என்று உனக்குத் தோன்றலாம். தோன்றட்டும். எழுதாதே.

அந்த விதியை நான் ஒரே ஒரு முறை மீறினேன். அதற்குக் காரணம் என் நெற்றி.

நான் ஸ்டிக்கர் பொட்டுக்காரி. காலையில் ஒட்டுவேன், குளிக்கும்போது எடுத்துக் குளியலறைக் கண்ணாடியில் ஒட்டி வைப்பேன், பசை சாகும்வரை அதே பொட்டுதான். எங்கள் வீட்டுக் கண்ணாடியில் முகம் பார்க்கக் கொஞ்சம் இடம் தேட வேண்டும். ஒரு நாள் முகம் கழுவிவிட்டுப் பார்த்தால், பொட்டு இருந்த இடத்தில் கடுகளவுக்கு வெள்ளையாக ஏதோ தெரிந்தது. தேய்த்தேன், போகவில்லை. மறுநாள் அமீர்பேட் மெட்ரோவுக்குக் கீழே நடைபாதைக் கடையில் கொஞ்சம் பெரிய பொட்டாக ஒரு அட்டை வாங்கினேன். ஒரு மாதம் போனது. வெள்ளை மிளகளவு ஆனது. இன்னும் பெரிய பொட்டு வாங்கினேன். அதுவும் விடாமல் வளர்ந்தது.

"பெரிய பொட்டு உனக்கு அம்சமா இருக்கு" என்றார் என் கணவர். வீட்டில் சோபாவை மாற்றிப் போட்டால்கூடக் கவனிக்காத மனிதர். அப்போதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். நான்தான் பூரித்துப்போய் இன்னொரு அட்டை வாங்கினேன்.

இதில் வெட்கக்கேடு என்னவென்றால், எனக்கு எல்லாச் சொல்லும் தெரியும். புதிதாகச் சேருகிறவர்களுக்கு நானே சொல்லிக்கொடுத்திருக்கிறேன். தோலில் நிறம் குறைந்தால் ஹைப்போபிக்மென்டேஷன், டீயில் பால் கூடிப்போன மாதிரி. நிறம் முழுக்கப் போய்விட்டால் டீபிக்மென்டேஷன், டிகாக்‌ஷனே இல்லை, பால் மட்டும். இரண்டும் கண்ணுக்குத் தெரிவதைச் சொல்லும் சொற்கள்தானே தவிர, நோயின் பெயர் இல்லை. தீக்காயத்தால் நிறம் போகலாம், ரசாயனத்தால் போகலாம், விட்டிலிகோ என்கிற வெண்புள்ளியாலும் போகலாம். ஏன் போனது என்று டாக்டர் எழுதினால்தான் அதற்குரிய கோட். இதையெல்லாம் போர்டில் எழுதிப் படம் போட்டு விளக்கியவள் நான்.

ஆனால் என் நெற்றி என்று வந்ததும் இந்தப் படிப்பெல்லாம் எங்கோ ஓடிவிட்டது. விட்டிலிகோவுக்கு எங்கள் திருநெல்வேலிப் பக்கம் பேசும் ஒரே ஒரு சொல்தான் மண்டைக்குள் உட்கார்ந்துகொண்டது. வெண்குஷ்டம். அந்த வெள்ளைக்கும் குஷ்டத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, தெரியாமல் வைத்த பெயர். அதுவும் எனக்குத் தெரியும். தெரிந்து என்ன? தட்டைத் தனியாக வைத்துவிடுவார்களோ, என் ஆறு வயது மகளை என்னிடம் விடமாட்டார்களோ என்று நினைக்கும்போதெல்லாம் பொட்டைத் தொட்டுப் பார்த்துக்கொள்வேன். யாரிடமும் வாயைத் திறக்கவில்லை.

அப்படி இருக்கும்போதுதான் ஒரு குறிப்பு என் திரைக்கு வந்தது. நெற்றியில் நிறமிழந்த சிறு திட்டு, காரணம் இனிமேல்தான் கண்டறிய வேண்டும் என்று டாக்டர் தெளிவாக எழுதியிருந்தார். நான் ஒரு நொடிகூட யோசிக்காமல் விட்டிலிகோ என்று கோட் போட்டு அனுப்பிவிட்டேன்.

எங்கள் வேலையைச் சரிபார்க்கும் ஆடிட்டர், செகந்திராபாத்தில் மூன்று தலைமுறையாக இருக்கும் தமிழ்க் குடும்பத்துப் பெண். அவளுக்கே விட்டிலிகோ உண்டு. இரண்டு கையும் மணிக்கட்டுவரை வெள்ளை, உதட்டைச் சுற்றியும் வெள்ளை. வேலையில் சேர்ந்த அன்றைக்கே எழுந்து நின்று, "இது விட்டிலிகோ, ஒட்டாது. கேள்வி இருந்தா இப்பவே கேட்டுடுங்க, சாப்பாட்டு நேரத்துல நக்கோ, வேண்டாம்" என்று உருது கலந்த ஹைதராபாத் தமிழில் சொல்லிவிட்டு உட்கார்ந்தவள். தினமும் என் டப்பாவில் கைவிட்டு எலுமிச்சைச் சாதம் எடுப்பவள். அவள் என் நாற்காலிக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"காய்கு? ஏன் இதுக்கு விட்டிலிகோ போட்ட? டாக்டர் எங்க எழுதியிருக்கார், காட்டு."

"நெத்தியில வெள்ளையா இருக்குன்னு... அதான்..."

"அதான்னா? டீபிக்மென்டேஷன்னா கலர் போச்சு, அவ்ளோதான். எப்படிப் போச்சுன்னு அவரே இன்னும் சொல்லல. நீ யாரு சொல்றதுக்கு?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. ஒரு கோட் தப்பானதற்கு யாரும் இப்படி அழமாட்டார்கள் என்று அவளுக்குப் புரிந்திருக்க வேண்டும். ரெஸ்ட்ரூமுக்கு இழுத்துப்போனாள். நான் பொட்டை எடுத்துக் காட்டினேன். அவள் கிட்டே வந்து பார்த்தாள், விலகி நின்று பார்த்தாள், பிறகு வாய்விட்டுச் சிரித்தாள்.

"அரே, காம்பஸ் வெச்சு வரைஞ்ச மாதிரில்ல இருக்கு! என்னோடது இப்படி அடக்கமா உட்காருமா? அது இஷ்டத்துக்கு மேப் போடும். இது உன் ஸ்டிக்கர் செஞ்ச வேலையா இருக்கும்." சொன்ன கையோடு விரலை ஆட்டி எச்சரித்தாள். "நானும் டாக்டர் இல்ல. நான் சொன்னேன்னு இதுக்கும் நீ ஒரு கோட் போட்டுடாத. போய்க் காட்டு."

அவள் முன்னால் எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போல இருந்தது. இவள் கையைப் பிடித்துக்கொண்டு ஊர் சுற்றுகிறேன், இவளுக்கு இருப்பது எனக்கும் வந்துவிடுமோ என்று ஆறு மாதமாகச் செத்துக்கொண்டிருக்கிறேன். அதையும் அவளிடம் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "வந்திருந்தா என்ன, ரெண்டு பேரும் ஒரே சன்ஸ்கிரீன் வாங்கியிருப்போம், மிச்சம்" என்றாள்.

அன்று இரவு கணவரிடம் விஷயத்தைச் சொன்னேன், மறுநாள் கூடவே வந்தார். தோல் டாக்டர் அதையேதான் சொன்னார். பொட்டின் பசையில் இருக்கும் ரசாயனம் சிலருக்கு நிறத்தைத் தின்றுவிடும். மறைக்க மறைக்கப் பெரிய பொட்டாக ஒட்டினேன் இல்லையா, அந்தப் பெரிய பொட்டுதான் வெள்ளையைப் பெரிதாக்கிக்கொண்டே போயிருக்கிறது. மூன்று மாதத்துக்கு நெற்றியில் எதுவும் கூடாது, குங்குமம்கூட வேண்டாம், களிம்பு மட்டும் தடவுங்கள், நிறம் மெதுவாகத் திரும்பலாம், உறுதி சொல்ல முடியாது என்றார்.

வெளியே வந்ததும் என் கணவர் பெருமூச்சு விட்டார். "எனக்கு முதல்லயே தெரியும். ஒரு நாள் காலையில நீ தூங்கும்போது பார்த்தேன். நீயா சொல்ற வரைக்கும் கேக்க வேண்டாம்னு இருந்தேன்."

"அப்ப பெரிய பொட்டு அம்சமா இருக்குன்னது?"

"மறைச்சுக்க உனக்குத் தோதா இருக்குமேன்னுதான்."

என் நெற்றியைக் கெடுத்ததில் இவருக்கும் பாதிப் பங்கு. அடிக்கக் கை ஓங்கினேன். ஓங்கிய கை அவர் தோளில் போய் நின்றுவிட்டது. சனத்நகர் வீடு வந்து சேரும்வரை ஆட்டோவில் இருவரும் சிரித்துக்கொண்டே வந்தோம்.

மூன்றாம் நாள் ஊரிலிருந்து அத்தை போன் செய்தார். என் மாமியாரைத்தான் சொல்கிறேன். பேத்தியைப் பார்க்க ஒரு மாதம் தங்குவதாக வருகிறாராம். சிரிப்பு நின்றது. கல்யாணமான பெண் வெறும் நெற்றியோடு அவர் முன்னால் நிற்பதாவது! அதுவும் வெள்ளை வட்டத்தோடு. நானும் கணவரும் கூடி யோசித்து ஒரு பிளாஸ்திரியை ஒட்டினோம். கதவில் இடித்துக்கொண்டேன் என்று சொல்ல ஏற்பாடு.

அத்தை வந்து பையைக் கீழே வைப்பதற்குள் பிளாஸ்திரியைப் பார்த்துவிட்டார். "என்னட்டி, ரத்தம் வந்துச்சா? மஞ்சள வச்சிருக்கலாம்லா?"

நான் பதில் சொல்லும் முன் என் மகள் முந்திக்கொண்டாள். நாங்கள் தமிழில் கேட்டால் அவள் தெலுங்கில்தான் பதில் சொல்வாள். "மம்மிகி தெப்ப தகல்லேது. தெல்ல பொட்டு உந்தி!"

"என்ன சொல்லுதா புள்ள? தெல்லன்னா என்னது?"

மம்மிக்கு அடிபடவில்லை, வெள்ளைப் பொட்டு இருக்கிறது என்று போட்டுக்கொடுத்துவிட்டாள். அத்தை தானே வந்து பிளாஸ்திரியைப் பிய்த்தார். பார்த்தவர் அப்படியே சோபாவில் உட்கார்ந்துவிட்டார். நான் பசை, ரசாயனம், டாக்டர் என்று எல்லாவற்றையும் கொட்டினேன். "சரி" என்று மட்டும் சொன்னார்.

மறுநாளிலிருந்து என் துண்டு மட்டும் பால்கனிக் கொடியின் கோடியில் தனியாகத் தொங்கியது. மகளுக்கு நான் சோறு பிசைந்தால், "கொண்டா, நான் ஊட்டுதேன்" என்று அத்தை கிண்ணத்தை வாங்கிக்கொண்டார். இரண்டு நாள் பொறுத்தேன். நான் பயந்தது அப்படியே நடக்கிறது, அதுவும் என் வீட்டிலேயே. மூன்றாம் நாள் எனக்கு வெடித்துவிட்டது.

"அத்தை, நீங்க நினைக்கிறது இது இல்ல. இதுக்கு டீபிக்மென்டேஷன்னு பேரு. பசையால நிறம் போயிருக்கு. சரி, நீங்க நினைக்கிறதாவே இருந்தாலும் அதுவும் குஷ்டம் இல்ல, யாருக்கும் ஒட்டாது. என் கூட வேலை பார்க்கிற பொண்ணுக்கு இருக்கு, நாங்க ஒரே டப்பாவுலதான் சாப்பிடுறோம். என் துண்ட ஏன் தள்ளிப் போட்டீங்க?"

குரல் உயர்ந்துவிட்டது. மாமியாரிடம் நான் இப்படிப் பேசியதே இல்லை. அத்தை தணிந்த குரலில் கேட்டார்: "அந்தப் பேர இன்னொரு மட்டம் சொல்லு."

சொன்னேன். திரும்பவும் சொல்லச் சொன்னார். உதட்டுக்குள்ளேயே சொல்லிப் பார்த்துக்கொண்டு அடுக்களைக்குப் போய்விட்டார்.

அன்று சாயங்காலமே கீழ்வீட்டுத் தெலுங்கு அம்மா வந்தார். கையில் குங்குமச் சிமிழ். இங்கே வீட்டில் விசேஷம் என்றால் பெண்கள் வாசல் வாசலாக வந்து, நெற்றியில் பொட்டு வைத்து அழைப்பார்கள். பத்திரிகை அனுப்பினாலும் பொட்டு வைத்து அழைத்தால்தான் அழைத்த மாதிரி. "மா இண்ட்லோ விரதம், தப்பகுண்டா ராவாலி" என்று தன் வீட்டு விரதத்துக்குத் தவறாமல் வரச் சொல்லிக்கொண்டே விரலைக் குங்குமத்தில் தொட்டவர், என் நெற்றியைப் பார்த்துத் தயங்கினார். "பொட்டு லேதேண்டி? இதி ஏமிட்டி?" பொட்டு இல்லையே, இது என்ன என்கிறார்.

கை அந்தரத்தில் நிற்கிறது. வேண்டாம் என்றால் அழைப்பை மறுத்ததாகிவிடும், சரி என்றால் டாக்டர் சொன்னது போச்சு. பின்னாலிருந்து அத்தை வந்தார்.

"டீபிக்மென்டேசன்" என்றார், ஒரு எழுத்து சிந்தாமல். "ஸ்டிக்கர் பசையில வந்தது. டாக்டர் நெத்தியில எதுவும் வைக்கக்கூடாதுன்னு சொல்லியிருக்காவ. ஒட்டாது, பயப்பட வேண்டாம். நீங்க இங்க வைங்க." என் தலையைத் தன் கையால் குனியவைத்து, வகிட்டைக் காட்டினார்.

அந்த அம்மாவுக்குத் தமிழ் அவ்வளவாகப் புரியாது. ஆனால் அந்த ஒரு சொல் புரிந்தது. "ஓ, டீபிக்மென்டேஷனா!" என்று சிரித்து, வகிட்டில் குங்குமம் வைத்துவிட்டு, தன் தங்கை மகளுக்கும் இதே பாடுதான் என்று தெலுங்கில் கதை சொல்ல ஆரம்பித்தார். அத்தை ஒரு வார்த்தை புரியாமல் தலையாட்டிக்கொண்டே அவருக்குக் காபி போட்டுக் கொடுத்தார்.

அவர் போனதும் அத்தை என் பக்கத்தில் உட்கார்ந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டார். "எங்க அக்காவுக்குப் பதினேழு வயசுல கழுத்துல வெள்ளை வந்துச்சு. அவ துணியெல்லாம் எங்கம்ம தனியாத்தான் தொவைப்பா. ஒரு வரன் வரல. டீச்சர் வேலைக்குப் போயி, தனியாவே இருந்துட்டா. நானும் அவ தட்டுல ஒரு நாள் கைய வச்சதில்ல. ஒன் துண்டப் போடும்போது எங்கம்ம போட்ட மாதிரியே போட்டுட்டேன்." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அக்காவுக்குப் போனப் போடுட்டி. இப்பவே சொல்லணும்."

பாளையங்கோட்டையில் இருக்கும் அந்த அக்காவுக்கு, என் கணவரின் பெரியம்மாவுக்கு, போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தேன். பெரியம்மா எடுத்தார். அத்தைக்கு ஹலோ சொல்லக்கூடப் பொறுமை இல்லை. "அக்கா, ஒனக்கு வந்தது குஷ்டம் இல்லக்கா. ஒட்டவே ஒட்டாதாம். நம்ம வீட்டுல யாருக்குமே தெரியாமப் போச்சேக்கா!"

மறுமுனையில் டிவி ஓடுகிற சத்தம். பெரியம்மா அதை அணைத்தார்.

"எனக்கு அது அப்பவே தெரியும்ட்டி. ஒருநாள் மதியம் ஒனக்குச் சாதம் போட்டுக் கொடுத்தேன், நீ பசியோட எந்திரிச்சிப் போயிட்ட. அன்னைக்கே டாக்டர்கிட்டப் போயிக் கேட்டுட்டு வந்துட்டேன். என்னைக்காவது நீ கேப்ப, சொல்லலாம்னு இருந்தேன்."