ஆற்றிலிருந்து வந்தவள்

போன ஞாயிற்றுக்கிழமை ஃபிலிம் சொசைட்டியில் ஓர் இத்தாலிய ஊமைப்படம் பார்த்தேன். வாசல் மேஜையில் வைத்திருந்த பழைய படச்சுருளின் மக்கிய கற்பூர வாடை, படம் தொடங்குமுன்பே என்னை அப்பாவின் கதை அறைக்குள் கொண்டுபோய் உட்காரவைத்திருந்தது.

அப்பா கதை எழுதிய ஸ்டூடியோ இன்றில்லை. அங்கே அடுக்குமாடி வீடுகள். அந்த அறையில் மின்விசிறி கறகறக்க நான் பாயில் கிடப்பேன். என்றோ ஓட்டி முடித்தபின் யாரும் திருப்பிச் சுற்றிவைக்காத வெளிநாட்டுச் சுருளை, அப்பா ஜன்னல் வெளிச்சத்தில் கையால் இழுத்து இழுத்துப் பார்த்துக் கதை பிடிப்பார்.

"பாரு கண்ணு, கழுத்தளவு தண்ணியில இருந்து வூட்டப் பாத்து வாரா."

"ஏனுங்கப்பா அழுவறா?"

"சந்தோசத்துலதான்."

ஆறு திருப்பித் தந்த பெண்ணின் கதை அப்படித்தான் பிறந்தது. அது படமானபோது அப்பாவின் பெயர் திரைகொள்ளாமல் வந்தது. அவள் கரையேறியபோது அம்மா அழுதாள், நான் கைதட்டினேன்.

இந்த இத்தாலியப் படத்தை எழுதியவள் ஒரு பெண், எழுதிக் குவித்தும் திரையில் பெயர் வராதவள் என்று ஞாயிறன்று அறிமுகம் செய்தவர் சொன்னார். அப்பா சுட்ட கதை என்பதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். கடைசிக் காட்சியில், அன்று ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்த அதே முகம், அதே அழுகை. ஆனால் தண்ணீர் முழங்காலிலிருந்து இடுப்புக்கு, இடுப்பிலிருந்து கழுத்துக்கு ஏறியது. திருப்பிச் சுற்றாத சுருளை அப்பா முடிவிலிருந்து பார்த்திருக்கிறார். அவள் வீட்டுக்கு வரவேயில்லை. வீட்டைவிட்டுக் கண்ணெடுக்க முடியாமல், பின்னால் பின்னால் அடிவைத்து ஆற்றுக்குள் போய்க்கொண்டிருந்தாள்.