வெளிச்சம் பார்க்க உட்கார்ந்தவர்கள்

அடையாறில் நான் கம்ப்யூட்டர் டீச்சராக இருந்த பள்ளியில், வருடக் கடைசியில் ஸ்டாஃப் போட்டோ எடுப்பார்கள். நிரந்தர ஆசிரியர்கள் மட்டும் உட்காரலாம். ஆயாக்களும் வாட்ச்மேனும் நாற்காலி போடலாம், துடைக்கலாம், பிறகு ஓரமாக ஒதுங்கிக்கொள்ளலாம். நான் கான்ட்ராக்ட். என்னை நாற்காலி துடைக்கக்கூட யாரும் கூப்பிட மாட்டார்கள்.

அந்த வருடம் மூத்த ஆயா ஓய்வு பெறவிருந்தார். தினமும் சிந்தாதிரிப்பேட்டையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து வகுப்பறைகளைத் திறப்பவர். அன்று தலை நிறையப் பூவோடு வந்திருந்தார்.

"இந்த வாட்டியாவது என்னயும் சேத்துக்குவாங்களா டீச்சர்? வூட்ல மாட்டி வெக்கணும்."

பிரின்சிபால் மேடத்திடம் போய்க் கேட்டேன். "இவங்களச் சேத்தா அப்புறம் தோட்டக்காரர் வரைக்கும் வந்து நிக்கும்மா" என்றார், தோட்டக்காரர் என்னவோ தொற்றுவியாதி போல. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

மேடமும் டீச்சர்களும் பவுடர் போட உள்ளே போனார்கள். போட்டோக்காரர், "லைட் பாக்கணும், யாராச்சும் உக்காருங்க" என்றார். நான் அவர் காதில் ஒரு வார்த்தை போட்டேன். அவரும் என்னைப் போலவே விஷமி, கண்ணைச் சிமிட்டினார். மேடத்தின் நாற்காலியில் ஆயா உட்கார்ந்தார். ஒரு பக்கம் மற்ற ஆயாக்கள், பின்னால் வாட்ச்மேன், வேன் டிரைவர், கையில் மண்வெட்டியோடு அதே தோட்டக்காரர். "எல்லாரும் பல்லைக் காட்டுங்க!" என்று கேமரா பக்கத்தில் நின்று அதட்டினேன். மேடம் வெளியே வந்தபோது ஆயா அந்த நாற்காலியை மறுபடி துடைத்துக்கொண்டிருந்தார், மிகுந்த பவ்யத்தோடு.

அவர் வேலையிலிருந்து விடைபெற்ற நாளில் படத்தைப் பிரேம் போட்டுக் கொடுத்தேன். ஒவ்வொரு முகமாகத் தொட்டுப் பார்த்தார். அப்புறம் என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"நீ எங்கம்மா கீற?"

"நான்தான் கேமரா பக்கத்துல நின்னுட்டிருந்தேனே."

"என் பக்கத்துல ஒரு சேர் சும்மாதான் கீது பாரு. நீ டீச்சராச்சே, எங்க கூட உக்காருவியோ இன்னாவோன்னு கூப்பிடல."

"ஐயோ, கூப்பிட்டிருந்தா ஓடி வந்திருப்பேன்" என்று சிரித்தேன். பச்சைப் பொய். அந்தக் காலி நாற்காலியைப் படம் எடுக்கும்போதே நான் பார்த்தேன். உட்காரத் தோன்றவே இல்லை. அன்று நான் புதுப் புடவை கட்டிக்கொண்டு வந்ததே, கடைசி நிமிடத்திலாவது டீச்சர்கள் என்னைக் கூப்பிடுவார்கள் என்றுதான்.