கயிற்றுக் கணக்கில் சேராத மரம்

குன்னத்து உத்திராபதி, பெரம்பலூரில் செல்லதுரை நடத்திய மர அறுவை மில்லுக்காக ஊர் ஊராகப் போய் மரம் அளந்தார். இரும்பு டேப் மரத்தின் மேடுபள்ளத்தில் படியாது என்பார். அங்குலத்துக்கு ஒரு மசிக்கோடும் அடிக்கு ஒரு முடிச்சும் போட்ட பருத்திக் கயிறுதான் அவருடைய கருவி. சுற்றளவில் கால் பங்கை எடுத்து, அதை அதாலேயே பெருக்கி, அடிமரத்தின் நீளத்தாலும் பெருக்கினால் கன அடி வந்துவிடும். மில்காரர்கள் எல்லோரும் வைத்திருந்த கணக்கு அதுதான்.

2004 ஐப்பசியில் குரும்பலூர் கலியம்மாள் அவரை வரச் சொன்னாள். வீடு கட்டிக்கொண்டிருந்தாள். வாசல், உள்ளறை, சமையலறை மூன்றுக்கும் நிலை வேண்டும். மரத்தை விலைக்கு வாங்க அவளால் முடியாது. வீட்டை ஒட்டி இரண்டு வேம்பு நின்றன. ஒன்று சந்து ஓரத்தில். மற்றதன் அடியில் அவள் மகன் கலைச்செல்வனின் கட்டில் கிடந்தது. சிறு வயதிலேயே கால்கள் சூம்பிப்போனவன். அந்த நிழலில் உட்கார்ந்துதான் ரேடியோ ரிப்பேர் செய்தான். ஊர் ஜனம் அவனைத் தேடி அங்கேதான் வரும்.

தூறிக்கொண்டிருந்தது. உத்திராபதி சந்து மரத்தை அணைத்துக் கயிற்றைச் சுற்றினார்.

"அண்ணே, கட்டிப்புடிச்சது போதும், மரம் வெக்கப்படுது" என்றான் கலைச்செல்வன்.

"ஒங்க அண்ணி பாத்தாத்தான்டா வம்பு."

கலியம்மாள் சிரிக்கவில்லை. "ஒத்த மரம் போதுமான்னு சொல்லுங்க. பத்தலன்னா இவன் ஒக்காந்திருக்கறதையும் வெட்டணும்னு கொத்தனாரு சொல்றாரு."

சுற்று நாலடி காட்டியது. கால் பங்கு ஓரடி. அடிமரம் எட்டடி நீளம். எட்டு கன அடி.

"தாராளமாப் போதும். அந்த மரத்துல கைவெக்க வேணாம்."

அடிமரம் மில்லுக்கு வந்த அன்று வெயில் அடித்தது. அறுப்பதற்கு முன் வழக்கம்போல் கயிற்றைச் சுற்றினார். நாலாவது முடிச்சு மரத்தைத் தாண்டி வந்தது. மறுபடி சுற்றினார். நாலடிக்கு நாலு அங்குலம் குறைவு. பருத்திக் கயிறு நனைந்தால் சுருங்கும்; முடிச்சுகள் நெருங்கி அளவைக் கூட்டிக் காட்டும். மழை நாளில் அடிக்கோலோடு ஒத்துப் பார்த்த பிறகே சுற்றுவது வழக்கம். கலியம்மாள் கேட்ட அவசரத்தில் அதை விட்டிருந்தார். ஏழு கன அடிகூடத் தேறவில்லை. இரண்டு நிலை வரும். மூன்றாவது வராது.

"இதுக்கு ஏன் மொகத்தத் தொங்கப்போடுறீங்க?" என்றார் செல்லதுரை. "அந்த இன்னொண்ணையும் சாய்க்கச் சொல்லுங்க."

"போதும்னு சொல்லிட்டு வந்துட்டேங்க."

"கயிறு சுருங்குனதுக்கு மரமா நீளும்?"

உத்திராபதி ரம்பத்தின் பக்கம் போய் நின்றார். உருண்டை மரத்தைச் சதுரமாக்கும்போது நாலு பக்கமும் வளைந்த பலகைகள் கழன்று விழுந்தன. கால் பங்குக் கணக்கு அந்த வளைவைச் சேர்ப்பதில்லை. கூலிக்கு அறுக்கும் மரத்தில் அது மில்லுக்குப் போகும். அடுப்புக்கு விற்பார்கள்.

"அந்தப் பக்கப்பலகைய எனக்குக் குடுங்க."

"அதுல நெலை செய்யப் போறீங்களா? ஊரு சிரிக்கும்."

"சிரிக்கட்டும். குடுங்க."

செல்லதுரை கையை வீசிக் காட்டிவிட்டு உள்ளே போனார்.

உத்திராபதி குரும்பலூருக்குப் போய் நடந்ததைச் சொன்னார். கலியம்மாள் அவரை உட்காரச் சொல்லவில்லை.

"பெரிய அளவுகாரருன்னு ஒங்களக் கூப்பிட்டேன் பாருங்க."

"சமையக்கட்டு நெலை மட்டும் ஒட்டுப் போட்டதா இருக்கும். ரெண்டு பலகையோட தட்டையான பக்கத்த ஒண்ணோட ஒண்ணு சேத்து ஆணி அடிச்சுத் தரேன். பாக்க நல்லா இருக்காது."

அவள் மகனைப் பார்த்தாள். அவன் ஒரு ரேடியோவின் வயிற்றைத் திறந்து வைத்துக்கொண்டு தலையைக் குனிந்திருந்தான்.

"சமையக்கட்ட யாரு வந்து பாக்கப் போறா" என்றாள்.

தை மாதம் நிலை வைத்தார்கள். சித்திரை வெயிலில் சமையலறை நிலை ஒரு பக்கம் கோணியது. கதவு சாத்தாது. யாராவது வந்து கேட்டால் கலியம்மாள் உத்திராபதியின் பேரைச் சொல்லித் திட்டினாள். அவரும் குரும்பலூர்ப் பக்கம் வரும்போதெல்லாம் இழைப்புளியைக் கொண்டுவந்து கொஞ்சம் சீவிவிட்டுப் போனார். வேலை முடிந்ததும் வேம்படியில் கலைச்செல்வன் கட்டிலில் நகர்ந்து அவருக்கு இடம் விடுவான். கலியம்மாள் திட்டிக்கொண்டே டீ கொண்டுவந்து வைப்பாள்.