அக்காவுக்கு வைத்த லெமன் பை

செம்பூர் வீட்டுச் சமையலறையின் மேல் தட்டில், செய்தித்தாளில் சுற்றிய ஒரு கண்ணாடித் தட்டு இருந்தது. வட்டமானது, விளிம்பு முழுக்க நெளிநெளியாக இருக்கும். கல்யாணமாகி வந்த இரண்டாம் நாள் பாத்திரங்களை ஒழுங்குபடுத்தும்போது அதை எடுத்துப் பிரித்தேன். இது சோற்றுக்கும் ஆகாது, குழம்புக்கும் ஆகாது, எதற்கு வாங்கினார்கள் என்று யோசித்துக்கொண்டே திரும்பினால், நிலைப்படியில் குழந்தை நின்றுகொண்டிருந்தாள். என் கையிலிருந்து தட்டை வாங்கி, அதே தாளில் அதே மடிப்பில் சுற்றி, ஸ்டூல் போட்டு ஏறி, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டுப் போனாள். அவளுக்கு அப்போது ஏழு வயது. அது அக்காவின் தட்டு.

அக்கா என்று நான் சொல்வது என் கணவரின் முதல் மனைவியை, அந்தக் குழந்தையைப் பெற்றவளை. உடன்பிறந்த அக்காக்கள் எனக்கு மூன்று பேர் உண்டு. ஆனாலும் அந்தச் சொல்லைக் கேட்டதும் இன்றுவரை மனதில் வந்து நிற்பது, நேரில் பார்த்தே இராத அவள்தான். நான் தாராவியில் பிறந்து வளர்ந்தவள். அப்பாவுக்குத் தோல் பதனிடும் இடத்தில் வேலை. இருபத்துநாலு வயது வரை எனக்கு வரன் தட்டிப்போய்க்கொண்டே இருந்தது. கடைசியில், டிராம்பே பக்கம் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையில் ஃபிட்டராக இருந்த, மனைவியை இழந்த ஒருவருக்குக் கொடுத்தார்கள். புறப்படும்போது அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "மூத்தவள மறந்துராதட்டி. நல்ல நாளுன்னா மொதல்ல அவளுக்குச் சேல வச்சிக் கும்பிட்டுட்டு, அப்புறம் நீ கட்டு. அவளுக்குப் பிடிச்சதச் செஞ்சு வையி. அவ மனசு குளுந்தாத்தான் நீ அங்க குடும்பம் நடத்த முடியும்" என்றாள். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த எங்கள் சனங்களுக்கு அது வழக்கம். இரண்டாவதாகப் போகிறவளுக்கு மாமியார் இல்லாமல் இருக்கலாம், மூத்தவள் இல்லாமல் இருக்கமாட்டாள்.

நான் பயந்த சுபாவம் இல்லை. பேய் பிசாசு எல்லாம் வேலையில்லாதவர்கள் கட்டிவிட்டது என்று தோழிகளிடம் வாய் கிழியப் பேசியவள். ஆனால் அந்தக் குழந்தை என்னை மெல்ல மெல்லக் கலங்கடித்தாள். அவள் என்னிடம் நேராகப் பேசமாட்டாள். எதுவானாலும் அவள் அப்பா வழியாகத்தான். நான் பிசைந்து வைத்த சோற்றைத் தொடமாட்டாள், அவர் வேலையிலிருந்து வந்து ஊட்டும்வரை பட்டினி கிடப்பாள். சாப்பிட உட்காரும்போது பாயில் தனக்குப் பக்கத்தில் ஒரு ஆள் உட்காரும் அளவுக்கு இடம் விடுவாள். ஒரு நாள் தெரியாமல் அங்கே போய் உட்கார்ந்துவிட்டேன். "அப்பா, அங்க ஆள் இருக்கு. அவங்கள எந்திரிக்கச் சொல்லுங்க" என்றாள். கோபமே இல்லாமல், பஸ்ஸில் இடம் பிடித்து வைத்தவர்கள் சொல்வதுபோல் சொன்னாள். அவர் என்னைப் பார்த்தார். நான் எழுந்து நகர்ந்து உட்கார்ந்தேன். நகரும்போது என் சேலைத் தலைப்பை இழுத்துச் சேர்த்துக்கொண்டேன், யார் மீதும் பட்டுவிடக்கூடாது என்பதுபோல. அப்படிச் செய்தது எனக்கே பிறகுதான் உறைத்தது.

காட்கோபரில் இருந்த என் நாத்தனார் மாதம் ஒரு முறை வந்து எல்லாவற்றையும் நோட்டம் விட்டுப் போவார். கெட்டவர் இல்லை. தம்பி பிள்ளை வாடிப்போகிறதே என்ற ஆதங்கம். ஆனி மாதம் வந்தபோது முடிவாகச் சொல்லிவிட்டார். "ஆடியில அவ திதி வருது. அன்னைக்குப் புள்ள ஒங்கையால ஒரு வாய் வாங்கித் தின்னா இங்கயே இருக்கட்டும். இல்லன்னா நான் கூட்டிட்டுப் போயி எம்பிள்ளையளோட வளக்கேன்." என் கணவர் தரையைப் பார்த்துக்கொண்டு இருந்தார், மறுத்துப் பேசவில்லை. உண்மையைச் சொல்கிறேன், முதலில் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாகத்தான் இருந்தது. மறுநாள் அவள் ஸ்கூலுக்குப் போன பிறகு, அவளுடைய கிழிந்த ரிப்பனைத் தைக்க உட்கார்ந்தேன், அழுகை வந்துவிட்டது. அவள் என்னை வெறுக்கிறாள் என்றுகூடச் சொல்ல முடியாது, அவளுக்கு நான் கண்ணிலேயே படவில்லை. அவள் போய்விட்டால் அந்த வீட்டில் அவரும் நானும் மூத்தவளும்தான் மிச்சம் என்று தோன்றியது. அந்த நினைப்பு எனக்குப் பிடிக்கவே இல்லை.

திதிக்கு என்ன செய்து வைக்கலாம், அக்காவுக்கு எது உயிர் என்று அவரிடம் கேட்டேன். "லெமன் பைன்னு ஒரு இனிப்பு செய்வா. கீழ் வீட்ல இருந்த மங்களூர்க்காரம்மா சொல்லிக் குடுத்தது. அடுப்பே பத்த வைக்க வேண்டாம். வாயில வச்சா அப்படியே கரையும்" என்றார். எப்படிச் செய்வது என்று கேட்டால், டப்பாப் பால், பிஸ்கட், வெண்ணெய், எலுமிச்சம்பழம், ஐஸ் என்று சாமான்களை மட்டும் சொன்னார். ஆம்பிளைகளிடம் பக்குவம் கேட்டால் அவ்வளவுதான் கிடைக்கும். மங்களூர்க்காரம்மா எப்போதோ வீட்டைக் காலி செய்து போய்விட்டார்.

பாலில் எலுமிச்சையைப் பிழிவதா! பால் திரிந்தாலே எங்கள் வீடுகளில் முகம் சுளிப்பார்கள். இதில் திதியன்று, மூத்தவள் படையலுக்கு, நானே என் கையால் பாலைத் திரிய வைப்பதா? திரிந்துபோனால் நாத்தனார் ஒரே வார்த்தையில் முடித்துவிடுவார், மூத்தவள் உன் கையால் வாங்க மாட்டேன் என்கிறாள் என்று. போதாததற்குப் படையலுக்கு வைப்பதை ருசி பார்க்கவும் கூடாது. புளிப்பா இனிப்பா என்று நாக்கில் வைத்துப் பார்க்க வழியில்லாமல், கண்டிராத ஒரு பண்டத்தைச் செய்ய வேண்டும்.

திதியன்று காலையிலிருந்தே அடைமழை. பத்து மணிக்கே வீட்டுக்குள் விளக்குப் போடும்படி இருட்டு. கரண்ட்டும் போய்விட்டது. ஜன்னல் வழியாகத் தூரத்தில் ஆலைச் சிம்னியின் நெருப்பு மட்டும் மழைக்குள் சிவப்பாகத் தெரிந்தது. அவர் விடியற்காலையில் ஐஸ் கட்டியை மரத்தூள் போட்டுச் சாக்கில் கட்டிக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, வாழையிலை வாங்க மாட்டுங்கா போயிருந்தார். சோறு, குழம்பு, வடை, பாயசம் எல்லாம் ஆகிவிட்டது. மேல் தட்டிலிருந்து அந்தக் கண்ணாடித் தட்டை இறக்கினேன். குழந்தை வந்து சமையலறை மூலையில் ஸ்டூலில் உட்கார்ந்தாள். இந்த முறை தட்டை என்னிடமிருந்து வாங்கவில்லை.

பிஸ்கட்டை ஒரு துணியில் கட்டி, அம்மிக் குழவியால் உருட்டினேன். "இன்னும் பொடியா" என்று குரல் வந்தது. திரும்பிப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. முகம் பின்கதவுப் பக்கம் இருந்தது, தலை லேசாகச் சாய்ந்திருந்தது. அந்த வீட்டில் நாலு மாதமாக அவள் என்னிடம் நேராகச் சொன்ன முதல் வார்த்தை அதுதான். பொடியாக்கினேன். "வெண்ணெய் போட்டுப் பெசஞ்சு, தட்டுல அழுத்தணும். ஓரத்துலயும்." அழுத்தினேன். டப்பாவைத் திறந்து பாலைக் கிண்ணத்தில் ஊற்றினேன். தேன் மாதிரிக் கனமாக விழுந்தது. டப்பாப் பால் என்றால் தண்ணீர் விட்டுக் கலக்குவதுதானே எங்கள் வழக்கம், கை தானாகச் செம்பை எடுத்துவிட்டது. "தண்ணி ஊத்தக் கூடாது!" என்றாள். சத்தமாக இல்லை, ஆனால் ஒரு பெரிய மனுஷி சொல்வதுபோல இருந்தது. "யாரு சொன்னாம்மா?" என்று கேட்டேன். பின்கதவுப் பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டு, "ஊத்தக் கூடாது" என்றாள் மறுபடியும்.

செம்பைக் கீழே வைத்தேன். என் முதுகு சில்லிட்டுப் போயிருந்தது. மழைக் குளிர்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். எலுமிச்சையை நறுக்கிப் பிழிந்தேன். பால் திரியவில்லை. கிண்டக் கிண்ட, அடுப்பில்லாமல், சூடில்லாமல், என் கைக்கு அடியில் கெட்டித் தயிர்போல இறுகிக்கொண்டு வந்தது. கரண்டியை உள்ளே யாரோ மெல்லப் பிடித்து இழுப்பதுபோல் இருந்தது. "இன்னும் ஒரு பழம்" என்றாள். பிழிந்தேன். "பஸ், போதும்" என்று இந்தியும் தமிழுமாகச் சொன்னாள், ருசி பார்க்காமலே. தட்டில் ஊற்றி, ஐஸ் கட்டிமேல் வைத்துச் சாக்கைப் போட்டு மூடினேன். வேலை முடிந்ததும் அவள் ஸ்டூலை விட்டு இறங்கிப் பின்கதவைத் திறந்துவிட்டு, யாரோ வெளியே போகக் காத்திருப்பவள்போலக் கொஞ்சநேரம் நின்று, பிறகு சாத்தினாள்.

மதியம் நாத்தனார் நனைந்துகொண்டே வந்து சேர்ந்தார். இலை போட்டு, அக்காவின் படத்துக்குப் பூ வைத்து, எல்லாம் பரிமாறினோம். எங்களில் படையல் வைத்த பிறகு அறையைச் சாத்திவிட்டு வெளியே நிற்பது வழக்கம், வந்தவர்கள் கூச்சமில்லாமல் சாப்பிடட்டும் என்று. நின்றோம். வழக்கமான நேரம் ஆனதும் நாத்தனார் கதவில் கை வைத்தார். "இன்னும் இல்ல" என்றாள் குழந்தை. நாத்தனார் கையை எடுத்துவிட்டார். மழைச் சத்தத்தில் மூன்று பெரியவர்கள் ஒரு ஏழு வயதுப் பிள்ளையின் உத்தரவுக்காகக் காத்து நின்றோம். கதவிடுக்கு வழியாக எலுமிச்சை வாசனை வந்தது. கொஞ்சநேரம் கழித்து அவள் "ம்" என்றாள்.

உள்ளே எல்லாம் வைத்தது வைத்தபடி இருந்தது. நாத்தனார் லெமன் பையைக் குனிந்து பார்த்தார், விரலால் ஓரத்தைத் தொட்டார். அவர் முகம் மாறிவிட்டது.

"இது எறுகிருக்கே" என்றார்.

"ஏன் மதினி, எறுகக் கூடாதா?"

"அவ கையில இது ஒரு நாளும் எறுகுனதே கெடையாதுட்டி. அஞ்சாறு தடவ செஞ்சிருப்பா. அத்தனையும் கூழு. கரண்டியாலதான் வழிச்சுக் குடிப்போம். நாலு பேருக்குக் காணணும்னு டப்பாப் பால்ல தண்ணிய ஊத்திருவா." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "கடசியா ஆஸ்பத்திரியில கெடக்கும்போது எங்கையப் பிடிச்சுக்கிட்டு, 'மதினி, வீட்டுக்குப் போனதும் தண்ணி ஊத்தாம ஒரு தடவ செஞ்சு பாக்கணும்'னா. அந்த வார்டுல புள்ளைகள உள்ள விடல. தம்பியும் அன்னைக்கு ஷிஃப்ட்டுல இருந்தான். நான் மட்டுந்தான் இருந்தேன். யார்ட்டயும் நான் சொன்னதில்ல. ஒனக்கு யாரு சொன்னா?"

நான் குழந்தையைக் காட்டினேன். வாயில் வைத்தால் கரையும் என்று இத்தனை வருஷமாக நினைத்துக்கொண்டிருந்த மனிதர், படத்தைப் பார்த்துச் சத்தமில்லாமல் அழுதார்.

நாத்தனார் சுதாரித்துக்கொண்டு லெமன் பையில் ஒரு துண்டை எடுத்துக் குழந்தையிடம் நீட்டினார். அவள் நகர்ந்து போனாள். அப்பாவிடமும் போகவில்லை. நேராக என் முன்னால் வந்து நின்றாள். நான் கையில் ஒரு வாய் எடுத்தேன். அவள் வாயைத் திறக்கவில்லை. என் தோளுக்கு மேலே, எனக்குப் பின்னால் பார்த்து, "அம்மா, சாப்பிடட்டுமா?" என்று கேட்டாள்.

திரும்பிப் பார்த்தால் என்ன இருக்கும் என்ற பயத்தைவிட, பதிலே வராமல் போனால் இந்தப் பிள்ளை என்ன ஆகும் என்ற பயம்தான் எனக்குப் பெரிதாக இருந்தது.

"சாப்பிடு" என்றேன் நான்.

அவள் பார்வை மெல்ல இறங்கி என் முகத்துக்கு வந்தது. இந்த முகம் யாருடையது என்று முதல்முதலாகப் பார்ப்பதுபோல் பார்த்தாள். பிறகு வாயைத் திறந்தாள். நான் அவசரமாக ஊட்டியதில் அவள் தாடையெல்லாம் ஒட்டிக்கொண்டது. நாத்தனார் குடையை எடுத்துக்கொண்டு காட்கோபருக்குத் தனியாகவே போனார்.

அந்தப் பிள்ளைக்கு இன்று அறுபது தாண்டிவிட்டது. அவரும் நாத்தனாரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அன்றைக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டாம் என்று எப்படிச் சொன்னாய் என்று நான் இதுவரை அவளைக் கேட்டதில்லை. குழந்தைகள் எதையெதையோ கவனித்து வைத்துக்கொள்வார்கள் என்று வெளியார் சொன்னால் தலையாட்டுவேன். என்னிடம் அவள் எல்லா விஷயமும் பேசுவாள், சண்டையும் போடுவாள், அம்மா என்றுதான் கூப்பிடுகிறாள்.

போன வாரம் எனக்குக் கால் வீங்கி, மூச்சு வாங்கியது. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய்த் திரும்பும்போது, டாக்ஸியில் என் கையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, "அம்மா, உனக்குச் சாப்பிட ரொம்பப் பிடிச்சது எதும்மா?" என்று கேட்டாள். இத்தனை வருஷத்தில் யாரும் என்னை அப்படிக் கேட்டதில்லை. எதற்குக் கேட்கிறாள் என்று எனக்குப் புரிந்தது. அழுகையாகவும் இருந்தது, கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது. யோசித்துச் சொல்கிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.