நாலு நிமிட வரிசை

காலை 10.30. பாரிசின் கார் து நோர் ரயில் நிலையத்திலிருந்து, தமிழ்க் கடைகள் நிறைந்த லா ஷப்பலுக்குப் பத்து நிமிட நடை. கோவையில் எங்கள் திரைப்படச் சங்கம் இருபது வருடமாகக் கொண்டாடிவரும் ரஷ்ய இயக்குநர் அர்கதியை முதன்முறையாக நேரில் பார்க்கப் போகிறேன். அவர் கொடுத்த முகவரியோ ஒரு சிற்றுண்டிக் கடை! ரூ து ஃபொபூர் சேன்-தெனி தெருவில், இரண்டு யூரோ மட்டன் ரோல்ஸைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார் அந்த எழுபத்தெட்டு வயது மனிதர்.

போர்க்காலப் படங்கள் நான்கு, தொலைக்காட்சித் தொடர்கள் மூன்று எடுத்தவர். வரலாற்றுப் படம் என்றால் நம்மூரில் முதலில் கிரீடம் தயாராகும். இவரோ முதல் படத்தில் சிப்பாய்களை ஒரு மாதம் ஒரே சட்டையில் தூங்கவைத்துவிட்டுத்தான் கேமராவைத் தொட்டாராம். தயாரிப்பாளர் தலையில் கைவைத்துக்கொண்டார்.

புதிய தொடர், நூறு வருடத்துக்கு முன் பாரிசுக்கு ஓடிவந்த ரஷ்ய அகதிகளைப் பற்றியது. அனுமதிப் பத்திரத்துக்காக அவர்கள் வரிசையில் நிற்கும் காட்சியில் நடிகர்களுக்கு நிற்கத் தெரியவில்லை. சொல்லிக்கொடுக்க, இலங்கையிலிருந்து அகதியாக வந்த இந்தக் கடைக்காரர் யோகனைப் பிடித்திருக்கிறார்.

"பேப்பரைச் சும்மா கையிலை வச்சிருந்தவங்கள், தம்பி. உது பிழை எண்டு சொன்னன். பேப்பர் சட்டைக்குள்ளை, நெஞ்சோடை இருக்கோணும். நான் இஞ்சை விசா குடுக்கிற பிரெஃபெக்சூர் ஒஃபிஸ் வாசலிலை விடியக்காலமை நாலு மணிக்கே போய் நிண்டவன்," என்றார் யோகன்.

இப்போது சிக்கல். வரிசைக் காட்சி ஓடும் நாலு நிமிடத்தில் ஒன்றுமே நடக்கவில்லை, வெட்டுங்கள் என்கிறது ரஷ்யத் தொலைக்காட்சி நிறுவனம். இல்லாவிட்டால் தொடரை வெளியிடாதாம். இன்றே பதில் சொல்ல வேண்டும்.

"வரிசையில் நின்றவர்களுக்கே காட்டுகிறேன். அவர்களுக்கும் அலுத்தால் நானே வெட்டிவிடுகிறேன்," என்றார் அர்கதி ஆங்கிலத்தில்.

பிற்பகல் 2.00. பக்கத்துத் தெருவான ரூ பஜோலில் ஒரு வாடகைக் கூடம். யோகனின் நண்பர்கள் முப்பது பேர், பாதிப் பேர் சார்செல் புறநகரிலிருந்து ரயிலேறி வந்தவர்கள். அர்கதி திரைக்கு முதுகைக் காட்டி, அவர்களைப் பார்த்து உட்கார்ந்தார்.

வரிசை. இருமல். கால் மாற்றி நிற்கும் கிழவி. சொல்ல வெட்கமாக இருக்கிறது, இரண்டாவது நிமிடத்தில் நான் கடிகாரத்தைப் பார்த்தேன். மற்றபடி கூடத்தில் ஒரு நாற்காலிகூட அசையவில்லை. திரையில் கதவு திறந்தது. "அடுத்த ஆள்!" என்று பிரெஞ்சில் கத்தினான் குமாஸ்தா.

என் பக்கத்தில் யோகன் விருட்டென்று எழுந்து நின்றார். முன்னால் இன்னும் இரண்டு பேர் எழுந்தார்கள்.

"பதினெட்டு வருசமாகுது, தம்பி. கால் இன்னும் மறக்கேல்லை," என்று கூச்சத்தோடு உட்கார்ந்தார்.

அர்கதி அங்கேயே நிறுவனத்தைத் தொலைபேசியில் அழைத்தார். எனக்குத் தெரிந்த ஒரே ரஷ்யச் சொல்லைத்தான் சொன்னார்: "நியெத்." முடியாது. தொடர் இனி எந்த வீட்டுக்கும் போகாமலே இருக்கலாம். மனிதர் முகத்தில் துளி வருத்தமில்லை. என் மனம் பொங்கிவிட்டது.

மாலை 5.00. விடைபெறும்போது, நான் கடிகாரத்தைப் பார்த்ததை மறைக்க மனம் வரவில்லை. சொல்லிவிட்டேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை.

"நீங்கள் அப்படி ஒரு வரிசையில் நின்றதே இல்லை. கொடுத்துவைத்தவர்," என்று என் தோளைத் தட்டினார்.