எல்லோருக்கும் கடைசியாக எனக்கு

கண்டியில் ஒரு பாடசாலையில் உயர்தர வகுப்புக்கு அளவையியல் படிப்பித்து ஓய்வு பெற்றவன் நான். அது என்ன பாடம் என்று கேட்பவர்களுக்கு ஒரே வரியில் சொல்வேன்: தெரிந்ததிலிருந்து தெரியாததற்கு வழுக்கி விழாமல் போய்ச் சேருவது எப்படி என்கிற பாடம். இதைச் சொல்லும்போது எனக்குள் எப்போதும் கொஞ்சம் மிதப்பு இருக்கும்.

வகுப்பில் எனக்கு மிகவும் பிடித்தது ஒரு விஷயம்தான். ஒரு பிள்ளை தொடக்கமாகத் தரப்பட்ட எடுகூற்றுகளை ஒப்பிப்பாள், விதிகளையும் ஒப்பிப்பாள், முடிவை மட்டும் எடுக்கத் தெரியாமல் முழிப்பாள். நான் தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்துவேன். ஒன்றும் நடக்காது. அலுத்துப்போய்ப் பலகையை அழிக்கத் திரும்பும் நேரம் பார்த்துப் பின்னாலிருந்து "ஆ, சேர்!" என்று ஒரு சத்தம் வரும். முகமே மாறியிருக்கும். பலகையில் முன்பு இருந்ததுதான் இப்போதும் இருக்கிறது, புதிதாக ஒன்றும் சேரவில்லை. ஆனால் சிதறிக் கிடந்தது அவளுக்கு ஒன்றாகிவிட்டது. அதை நான் அவளுக்காகச் செய்து கொடுக்க முடியாது. தும்மலைப் போல, அவரவருக்கு வந்தால்தான் உண்டு.

என் மனைவி மகளின் பிரசவத்துக்காகக் கனடா போனாள். ஆறு மாதம் என்றுதான் பேச்சு. நான் முன்பு ஒருமுறை அங்கே போய் ஒரு மாதம் இருந்து பார்த்தவன். சன்னலோரக் கதிரையில் உட்கார்ந்து பனியைப் பார்த்துப் பார்த்து, இனி இந்தப் பக்கம் தலைவைத்தும் படுக்க மாட்டேன் என்று ஓடி வந்தவன். அதனால் அவள் மட்டும் போனாள். கட்டுகஸ்தோட்டைக்கு மேலே மேட்டில் இருக்கிற எங்கள் வீட்டில் நான் தங்கினேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் வீடியோ அழைப்பு எடுப்பாள். அங்கே அது சனிக்கிழமை இரவு. பேரப்பிள்ளையைக் காட்டுவாள். முடிவில் நான், "எப்ப வர்றே?" என்று சிரித்துக்கொண்டே கேட்பேன். "குளிர் முடியட்டுங்க" என்பாள். குளிர் முடிந்தது. பிள்ளைக்குப் பல் முளைக்கட்டும் என்றாள். முளைத்தது. பிறகு மகள் வேலைக்குத் திரும்ப வேண்டியிருந்தது. நடுவில் ஒருநாள், "அலுமாரியில உள்ள பருத்திச் சேலையெல்லாம் யாருக்காவது குடுத்துருங்க, சும்மா கெடந்தா பூச்சி அரிச்சுரும்" என்றாள். சிக்கனக்காரி என்று மெச்சிக்கொண்டேன். வீட்டுப் பின்பக்கத்துப் பலாமரம் காய்த்திருக்கிறதா என்று கேட்பதை எப்போதோ நிறுத்தியிருந்தாள். பிள்ளையோடு மல்லுக்கட்டவே நேரம் போதாது, பாவம், என்று அதற்கும் நானே பதில் சொல்லிக்கொண்டேன்.

விளங்காமல் இருப்பதற்கும் ஒரு திறமை வேண்டும். படித்தவனிடம் அது கூடுதலாகவே உண்டு, சாக்குகளை அவன் ஒழுங்காக அடுக்குவான் என்பதால். ஒவ்வொன்றையும் தனித்தனியாக எடுத்தால் ஒவ்வொன்றுக்கும் ஒரு நியாயம் இருந்தது. எல்லாவற்றையும் ஒரே பலகையில் சேர்த்து எழுதிப் பார்க்கத்தான் எனக்குக் கை வரவில்லை.

எங்களுக்குப் பக்கத்து வீடு முஸ்லிம் குடும்பம். அந்த வீட்டம்மாவும் என் மனைவியும் மதிலுக்கு இரண்டு பக்கமும் நின்று பேசிப் பேசியே அரை வாழ்க்கையைக் கழித்தவர்கள். இப்போதும் தொலைபேசியில் பேசிக்கொள்கிறார்கள் என்று தெரியும். நோன்பு மாதம் வந்தால் பின்னேரத்தில் அவர்கள் வீட்டுக் கஞ்சி மதிலுக்கு மேலால் எங்களுக்கு வரும். பூப்போட்ட ஒரு பெரிய எனாமல் சட்டியில்தான் வரும், இரண்டு பேர் வயிறாரக் குடிக்கலாம். மனைவி போன பிறகு வந்த முதல் நோன்பிலும் அதே சட்டிதான் வந்தது. "அக்கா எப்ப சேர் வார?" என்று கேட்டுக்கொண்டே தருவார். நான் பாதியைக் குடித்து, மீதியை மறுநாள் சூடாக்கிக் குடித்தேன்.

இந்த வருடம் நோன்பின் முதல் நாள் கஞ்சி ஒரு சின்னக் கிண்ணத்தில் வந்தது. "சூடா ஈக்கிது சேர், பாத்துப் புடிங்க" என்றார் அந்த அம்மா. வேறெதுவும் கேட்கவில்லை. பழைய சட்டி உடைந்திருக்கும் என்று நினைத்தேன். எனாமல் சட்டி எப்படி உடையும் என்றுகூட யோசிக்கவில்லை, அவ்வளவு பெரிய அளவையியல் ஆசிரியன்.

இரண்டாம் நாள் வாசலில் நின்றபோது, எதிர்வீட்டுக்குக் கடுகண்ணாவையிலிருந்து புதிதாகக் குடிவந்த தம்பதியருக்கு அந்த அம்மா கஞ்சி கொண்டுபோவதைப் பார்த்தேன். அவர் கையில் அதே பூப்போட்ட சட்டி. மூடிகூட அதேதான். அப்போதும் எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. சட்டி உடையவில்லை, நல்லது, என்று உள்ளே வந்துவிட்டேன்.

வாங்கிய பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பிக் கொடுக்கக்கூடாது என்பது எங்கள் இரண்டு வீட்டுக்கும் உள்ள வழக்கம். குசினியில் கிண்ணத்தைக் கழுவித் துடைத்து, சீனி போடலாம் என்று டப்பாவைத் திறந்தேன். கொஞ்சம்தான் பிடித்தது. ஒரு ஆளுக்குரிய கிண்ணத்தில் இவ்வளவுதான் பிடிக்கும் என்று எண்ணியபடி மூடியைத் தேடினேன். அந்த நேரத்தில்தான் வந்தது. சேலை, பலாமரம், குளிர், பல், எதிர்வீட்டுக்குப் போன சட்டி, பக்கத்து வீட்டம்மா இந்த முறை கேட்காமல் விட்ட கேள்வி, எல்லாம் தாமாகவே எழுந்து வரிசையில் நின்றன. அவள் வரப்போவதில்லை. பக்கத்து வீட்டம்மாவிடம் அதைச் சொல்லியும் இருக்கிறாள். அந்த அம்மா வாய் திறக்கவில்லை, ஆனால் அளவாகக் காய்ச்சிக் கொடுக்கிறவரின் கை உள்ளதைத்தானே அளக்கும்.

இதை எழுத வெட்கமாக இருக்கிறது: எனக்கு முதலில் வந்தது சந்தோஷம். ஒரு கணம்தான். "ஆ, சேர்!" என்று கத்துகிற பிள்ளையின் அதே துள்ளல். விளங்குவதற்கு ஈவிரக்கம் கிடையாது. விளங்கிய விஷயம் நம்மைக் கொல்லக்கூடியதாக இருந்தாலும், விளங்கிய அந்தக் கணம் இனிக்கவே செய்கிறது. பிறகுதான் குசினியின் அமைதி காதில் விழுந்தது. அழுதேன். யாரும் பார்க்கப் போவதில்லை என்பதால் நன்றாகவே அழுதேன்.

அடுத்த ஞாயிறு அவள் எடுத்தாள். பிள்ளை தூங்கிவிட்டதாம். எப்ப வர்றே என்று நான் கேட்கவில்லை. "நீ இனி வரமாட்டே, இல்லியா?" என்றேன். வாழ்நாளெல்லாம் சரியான முடிவுக்கு முழுப் புள்ளி கொடுத்தவன், அன்று என் முடிவு பிழையாகிவிட வேண்டும் என்று கும்பிட்டபடி காத்திருந்தேன். பைத்தியமா உங்களுக்கு என்று அவள் ஏசினால் போதும்.

அவள் ஏசவில்லை. "அவங்க சொல்லிட்டாங்களா?" என்றாள்.

"யாரும் சொல்லல. எனக்கே வெளங்கிருச்சு."

திரையில் அவள் முகம் சுருங்கியது. அழுகிறாள் என்று தெரிந்தது. "ஒவ்வொரு வாரமும் சொல்லிரணும்னுதாங்க எடுப்பேன். நீங்க சிரிச்சுக்கிட்டே கேப்பீங்க. எனக்கு வாய் வராது. இங்க எனக்குப் புள்ளைக இருக்கு, கோயில் இருக்கு, பேச நாலு பேர் இருக்காங்க. ஒங்களத்தான் எப்படி விடுறதுன்னு தெரியல." மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "எத்தன நாளாச்சு தெரியுமா நான் ஒழுங்கா தூங்கி? இன்னைக்கித்தான் தூங்குவேன்."

"தூங்கு" என்றேன்.

அவள் விளக்கை அணைத்துவிட்டுப் படுத்திருப்பாள். எனக்கு இங்கே அப்போதுதான் விடிந்திருந்தது. முழு நாளும் மீதி இருந்தது.